'அசய வாணாம்' நானா

மூச்சை அடக்கச் சொன்னபோது நான் முழுமனதோடு கீழ்ப்படிந்தது உலகத்தில் ஒரே ஒருவருக்குத்தான். எக்ஸ்ரே எடுப்பவருக்கு அல்ல. கண்டிச் சந்தைக்குப் பின்னால், மாடியில் போன் திருத்தும் 'அசய வாணாம்' நானாவுக்கு.

அக்குறணையிலிருந்து தினமும் பஸ்ஸில் வருவார்; அங்கத்து முஸ்லிம்கள் அண்ணனை 'நானா' என்பார்கள். பழைய போன்களில் கம்பனி போட்ட பூட்டை உடைத்து, அது வைத்த மென்பொருளை அழித்துவிட்டுப் புதியதை ஏற்றுவார். ஏற்றும்போது வயர் ஆடினால் போன் செத்துவிடும். ஆகவே வயரை இரண்டு விரலால் பிடித்துக்கொண்டு, கடையிலிருக்கும் எல்லோரையும் பார்த்து, "அசய வாணாம்!" என்பார். ஒருமுறை ஒருவர் தும்மலை விழுங்கிவிட்டுக் கண் கலங்கி நின்றார்.

இன்னொருவர் சண்டைக்கே வந்தார்.

"நானா, நீங்க பூட்டை உடைச்சதால பேங்க் ஆப் வேலை செய்யுதில்ல. போன் பாதுகாப்பில்லையாம்!"

"பேங்க் பயந்தா நல்லந்தானே. ஒங்கட செலவு கொறயும்."

சொல்லிவிட்டு, கம்பனி மென்பொருளையே திரும்ப ஏற்றிப் பூட்டிக் கொடுத்தார்.

ஒரு நாள் நான் இருக்கும்போது சரசு வந்தார். பல்லேகலயில் தையல் வேலை. குவைத்திலிருக்கும் கணவரோடு முகம் பார்த்துப் பேசும் செயலி, போன் பழசென்று சொல்லி நின்றுவிட்டது.

"வேற போன் வாங்க வழியில்ல நானா. இதுவும் செத்துட்டா அவரு மொகத்தப் பாக்கவே முடியாது."

நானா வயரைப் பிடித்தார். பாதி ஏறியிருக்கையில் ஜன்னல் வழியே ஒரு குரங்கு வந்து மேசையில் குந்தியது. அங்கே கிடந்த நானாவின் சொந்தப் போனை, புத்தம் புதியதை, எடுத்து முகர்ந்தது.

"ஐயோ நானா, ஒங்க போன்!" சரசு கதிரையிலிருந்து எழப் பார்த்தார்.

"அசய வாணாம்!"

"தூக்கிட்டுப் போகுதே!"

"போகட்டும். மேசை ஆடினா ஒங்கட போன் மவுத்தாகிடும்."

குரங்கு எதிர்க்கூரைக்குப் பாய்ந்தது. தகரத்தில் ஏதோ உருண்டு, கீழே தெருவில் விழுந்து நொறுங்கும் சத்தம் கேட்டது. நானா கண்ணை மட்டும் மூடினார். விரல்கள் அப்படியே இருந்தன.

சரசுவின் போன் உயிர்பெற்றது. செயலியும் ஏறியது. அழைத்ததும் திரையில் ஒரு முகம் வந்தது.

"நான் தெரியுறேனா?" என்று கேட்டு, சரசு போனை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்தார்.

கடை சின்னது, ஒதுங்க இடமில்லை. நானா ஜன்னலோரம் போய், எங்களுக்கு முதுகைக் காட்டி, எதிர்க்கூரையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"குரங்கையா தேடுறீங்க?" என்றேன்.

"ஓ, கொரங்கத்தான்," என்றார், திரும்பாமலே.

குரங்கு எப்போதோ போய்விட்டிருந்தது. நானும் பக்கத்தில் போய் நின்று தேடினேன்.