கடைசிக் காட்சி வரை சாகாதவன்

மரியாதைக்குரிய ஒனோரே அத்தானுக்கு,

பாரிசிலிருந்து மைத்துனன் எவாரிஸ்த் வணங்கி எழுதுவது. நான் உயிரோடும் சுகத்தோடும் இருக்கிறேன். சொலாஞ்ச் அக்காவும், லிமோஜில் உங்கள் கடையில் தொங்கும் பன்றித் தொடைகளும் அவ்வாறே என நம்புகிறேன்.

"இன்னொரு படத்துல செத்தேன்னா, நடிப்ப மூட்டை கட்டிட்டு எங்கூட கறி வெட்ட வந்துடணும்" என்று ஈஸ்டர் விருந்தில் சத்தியம் வாங்கினீர்களே, அந்த வேலைக்கு வேறு ஆள் பாருங்கள். முதல் பத்து நிமிடத்துக்குள் சுடப்பட்டும் குத்தப்பட்டும், ஒருமுறை தலையில் பியானோ விழுந்தும் செத்துக்கொண்டிருந்த உங்கள் மைத்துனன், இந்தக் கொள்ளைக்கூட்டப் படத்தில் கடைசிக் காட்சி வரை சாகவில்லை! வசனம் எழுதும் வேலையும் எனக்கே வந்ததல்லவா, வைரத்தை ஒளித்த இடம் என் பாத்திரத்துக்கு மட்டுமே தெரியும் என்று எழுதிவிட்டேன். கதாநாயகர் மசியே தாம்தூம் என்று குதித்தார். "இந்தாளு ஏன்யா இன்னும் சாகல? எம்பக்கத்துலயே நின்னு மூஞ்சியக் காட்டிட்டிருக்கான்!" இயக்குநர், பாவம், "சுட்டுட்டா வைரம் எங்கன்னு யாரு சார் சொல்றது?" என்றார். சூப்பில் விஷம் வைக்கச் சொன்னார்கள். அதைப் பூனை குடிப்பதாக மாற்றினேன். அந்தப் பூனையோ சாக மறுத்து, கிண்ணத்தை நக்கிவிட்டு மசியேவின் மடியில் ஏறித் தூங்கிவிட்டது. ரயிலிலிருந்து தள்ளினார்கள், வைக்கோல் வண்டியில் விழுவதாக எழுதினேன். குதிரை மிரண்டு, ஸ்டுடியோ வாசலைத் தாண்டி, ரொட்டிக்கடை வரிசைக்குள் என்னைக் கொண்டுபோய்ச் சேர்த்தது. போகட்டும், உயிர் இருக்கிறதே!

நேற்று கடைசிக் காட்சி. வைரத்தை ஒளித்த இடத்தை மூச்சுவிடாமல் சொல்லி முடித்தேன். விளக்குக்காரர்கள் கைதட்டினார்கள். மசியேவே வந்து, "கட்டையில போறவனே, ஜெயிச்சிட்டடா!" என்று கட்டிப்பிடித்தார். வெட்கமில்லாமல் அழுதேன் அத்தான். இத்தனை வருடத்தில் வசனம் பேசி முடிக்கும் வரை யாரும் என்னை விட்டுவைத்ததே இல்லை.

நான் செத்ததும் கோட்டை மாட்டிக்கொண்டு கிளம்பிவிடும் அக்காவிடம், இந்த முறை கடைசி வரை உட்காரச் சொல்லுங்கள். பிள்ளைகளுக்கு முத்தம். தங்கள் வீட்டில் எல்லா நலமும் பொங்கட்டும்.

வெற்றி வாகை சூடிய,
எவாரிஸ்த்

பி.கு.: தயாரிப்பாளர் இப்போதுதான் தொலைபேசியில் கூப்பிட்டார். "படம் நீளம்பா. கடைசிச் சுருள வெட்டியாச்சு. வைரம் எங்கன்னு தெரியாம முடியறதுதான் கலையாம்." வைக்கோல் வண்டியும் வெட்டுப்பட்டதாம். ஆக, ரயிலிலிருந்து விழுவதோடு என்னைக் காணோம். ஆனால் அத்தான், பிணத்தை எங்கும் காட்டவில்லை. நம் சத்தியப்படி நான் இன்னும் விழுந்துகொண்டுதான் இருக்கிறேன்.