ஜாமீன் வேண்டாத மாசிலாமணி

"மனுவ வாபஸ் வாங்குறீங்களா? ஏன்?"

வக்கீல் ஆவுடைநாயகத்தை முப்பது வருஷத்தில் எந்த நீதிபதியும் இப்படிக் கேட்டதில்லை. ஜாமீன் கிடைக்காது என்று மோப்பம் பிடித்ததும் எழுந்து 'வாபஸ்' என்பார். நீதிபதி தலைநிமிராமல் கையெழுத்துப் போடுவார். அதெல்லாம் ஒரு காலம். புதிதாக வந்திருந்த இந்த அம்மாவோ, ஜாமீன் கொடுக்கவே பேனாவைத் திறந்து வைத்திருந்தார்.

உண்மையைச் சொல்ல வக்கீலுக்கு வெட்கம். அவருடைய கட்சிக்காரர் மாசிலாமணியும் பக்கத்து வீட்டு நல்லபெருமாளும் சின்ன வயதில் ஒரே சைக்கிளில் ஊரைச் சுற்றியவர்கள். வேலித் தகராறில் இருபத்திரண்டு வருஷமாகப் பேச்சில்லை. போன மாதம் ஒருவர் மண்டையை ஒருவர் உடைத்துக்கொள்ள, போலீஸ் இரண்டு பேர் மேலும் வழக்குப் போட்டு ஒரே சிறையில் அடைத்தது.

நேற்று வக்கீல் பார்க்கப் போனபோது மாசிலாமணி கம்பியைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினார்.

"அண்ணாச்சி, மனுவ வாபஸ் வாங்கிருங்க. பெருமாளு இப்பத்தான் வாயத் தொறந்திருக்கான். டூரிங் கொட்டகையில படம் பாத்த கதையே இன்னும் பாதி பாக்கி. அவனும் வாபஸ் வாங்கிருதேன்னு சொல்லிட்டான்."

"வெளிய போயி பேச வேண்டியதுதானவே?"

"அங்க நடுவுல வேலி நிக்குதுல்லா?"

திரும்பி வரும் பஸ்ஸில் ஆவுடைநாயகத்துக்குத் தன் சட்டக் கல்லூரி அறைத்தோழன் நினைவு வந்தது. ஒரே கறுப்புக் கோட்டை மாற்றி மாற்றிப் போட்டவர்கள். இப்போது அவன் எந்த ஊரில் இருக்கிறான் என்றுகூடத் தெரியாது. எப்பாடு பட்டாவது மாசிலாமணியை உள்ளேயே வைப்பது என்று முடிவு செய்தார்.

"ஜாமீன்தாரர் கிடைக்கலம்மா," என்றார் இப்போது.

"அப்ப சொந்த ஜாமீன்லயே விடுறேன்."

"உடம்பும் சரியில்ல. சிறை ஆஸ்பத்திரியில நல்லாப் பாக்குறாங்க."

"உடம்பு முடியாதவர உள்ள வைக்கலாமா?"

"வெளிய வந்தா நல்லபெருமாளால ஆபத்து."

"அவரும் உள்ளதான இருக்கார்?"

போதாக்குறைக்கு அரசு வக்கீல் எழுந்து, "ஜாமீனுக்கு எங்களுக்கும் ஆட்சேபணை இல்ல," என்றார். இத்தனை வருஷத்தில் அந்த மனிதர் ஆட்சேபிக்காதது இதுதான் முதல் தடவை.

கடைசியில் ஆவுடைநாயகம் பாதி உண்மையை அவிழ்த்துவிட்டார்.

"ரெண்டு பேரும் ராசியாயிட்டாங்கம்மா. உள்ளயே பேசி முடிச்சு சமாதான மனு போடப் போறாங்க. அதுவரைக்கும் இது வேண்டாம்."

நீதிபதியின் முகம் மலர்ந்தது. "இத மொதல்லயே சொல்லியிருக்கலாமே," என்று 'வாபஸ்' எழுதிக் கையெழுத்திட்டார்.

வக்கீல் நேரே டீக்கடைக்குப் போனார். ஒரு டீயும் இரண்டு உளுந்த வடையும் வாங்கிக்கொண்டார். அறைத்தோழனின் முகவரியை யாரிடம் விசாரிக்கலாம் என்று யோசிக்கும்போதே சந்தோஷமாக இருந்தது. அப்போது கோர்ட் டவாலி பிச்சையா மூச்சிரைக்க ஓடி வந்தார்.

"அண்ணாச்சி, அடுத்தாப்ல நல்லபெருமாள் மனு. அவரு வக்கீலும் வாபஸ்னுதான் எந்திரிச்சாரு. 'ராசியானவங்கள எதுக்கு உள்ள வைக்கணும்'னு அம்மா ஜாமீன் குடுத்துட்டாக. உங்க ஆளுக்கும் குடுக்கணும்னு மனுவத் தேடுனாக. அதுதான் வாபஸாயிப் போச்சே."