விளம்பரம் முடியும்வரை எழும்பி நின்ற மாப்பிள்ளை

கண்டி டவுனில், போனில் வரும் விளம்பரத்தைத் தொடக்கம் முதல் கடைசி வரை கையைக் கட்டிக்கொண்டு மரியாதையாகக் கேட்ட ஒரே மனிதர் எங்கள் ஏரோப்பிளேன் அண்ணன்தான். வேறு யாராவது இருந்தால் அழைத்து வாருங்கள், மாலை போடுகிறேன்.

கட்டுகலையில் வாடகைக்கு அறை விடும் ஒரு போடிங்கில் நானும் அவரும் ஒரே அறை. நான் புடவைக்கடையில் பில் போடுகிறவன். அவர் ஹார்ட்வெயார் கடையில் பெயின்ட் கலக்குகிறவர், சொந்த ஊர் பன்வில. அவருடைய போன் எந்நேரமும் ஏரோப்பிளேன் மோடில் கிடக்கும். வீட்டில் அவசரம் என்றால் என் போனுக்கு அடித்து, "பக்கத்துல இருக்காரா?" என்று விசாரிப்பார்கள்.

"ஏண்ணே, போன வாங்கி இப்பிடி மூடி வச்சிருக்கீங்க?" என்று ஒருநாள் கேட்டேன்.

"டேட்டாவுக்கு ரீலோட் போடுறது பாட்டுக் கேக்கத் தம்பி. கேமுக்கு எதுக்கு டேட்டா?"

கேம் என்றால் அவருக்கு உயிர். நெட் இல்லாமல் ஓடுகிற கேம்கள் மட்டும்தான், அதையும் காசு கொடுத்து வாங்கியிருந்தார். குளிக்க வரிசையில் நிற்கும்போதும் போனில் கெரம் ஆடுவார். சிவப்புக் காய் விழுந்தால் போடிங் முழுக்கக் கேட்கும்படி கத்துவார். குளிக்கிறவன் பயந்து பாதிச் சோப்போடு வெளியே வந்த கதையெல்லாம் உண்டு.

வேலை முடிந்து வந்ததும்தான் போனுக்கு உயிர் வரும். தெல்தோட்டைப் பக்கத்து இளைஞர்கள் நாலு பேர் சேர்ந்து பாடுகிறார்கள், அவர்களுடைய பாட்டை அவர்களே போட்டிருக்கும் பக்கத்தில்தான் கேட்பார். நடுவில் துணி துவைக்கும் சவுக்காரத்தின் விளம்பரம் வரும். தள்ளிவிடலாம் என்று நான் கையை நீட்டினால் பட்டென்று ஓர் அடி விழும்.

"சவுக்காரக்காரன் பேசி முடிக்கட்டும். அதுலதான் பாட்டுக்காரப் பயலுகளுக்கு ஏதோ கொஞ்சம் போகுது."

நம் ஊரில் பாட்டு வேண்டுமென்றால் என்ன செய்வோம்? ரீலோட், போட்டோகொப்பி போடும் கொமியூனிகேஷன் கடைக்குப் போய், பென் டிரைவை நீட்டி, "நெறைய போட்டுக் குடுங்க" என்போம். அண்ணனுக்கு அது களவு. ஒருமுறை பன்வில பஸ்ஸில் அந்த இளைஞர்களின் பாட்டு ஓடியது. அண்ணன் எழுந்துபோய், "இது எங்க எடுத்தீங்க?" என்று டிரைவரை விசாரித்தார். கொண்டக்டர் பெல்லை அடித்து, "பஹின்ன" என்று சிங்களத்தில் இறங்கச் சொன்னார். கொட்டுகிற மழையில் வத்தேகமவில் இறங்கினோம். நான் பல்லைக் கடித்துக்கொண்டு நிற்க, அவர் பூட்டிய கடை வாசலில் குந்தி, "ரெண்டு பேரும் ஆடலாம், வா தம்பி" என்று போனை நீட்டினார். அந்தக் கோபத்திலும் ஆடினேன், தோற்றேன்.

இப்படிப்பட்டவருக்குக் கல்யாணம் எப்படி அமையும்? வந்த சம்பந்தங்கள் எல்லாம், பெண் வீட்டார் போன் அடித்து அடித்து அலுத்துப்போனதிலேயே கலைந்தன. வயது நாற்பதை எட்டிப் பார்க்கும்போது கடுகண்ணாவையிலிருந்து ஒரு பெண்ணின் படம் வந்தது. பாலர் பாடசாலை டீச்சர். அன்றைக்கு அண்ணன் கெரமில் வரிசையாகத் தோற்றார். பிறகு மெதுவாக, "தம்பி, இது மட்டும் அமஞ்சிரணும்" என்றார்.

"அங்க பாட்டுப் பேச்சே எடுக்கக்கூடாது" என்று பெண் பார்க்கப் போகும் ரயிலிலேயே சத்தியம் வாங்கிக்கொண்டேன். விஷயம் இதுதான்: பெண்ணின் அண்ணன் நடத்துவது கொமியூனிகேஷன் கடை.

பெண் வீட்டில் எல்லாம் அமர்க்களமாகப் போனது. கேசரி வந்தது, வடை வந்தது, பெண் வந்து பிளேன்டீ வைத்துவிட்டுப் போனாள். அண்ணன் தலையே நிமிரவில்லை. நான் மனதுக்குள் மேளமே வாசித்துவிட்டேன். அப்போதுதான் பெண்ணின் அண்ணன் சிரித்துக்கொண்டே ஒரு பென் டிரைவை நீட்டினார்.

"மாப்பிள்ளைக்குப் பாட்டுன்னா உசுருன்னு தரகர் சொன்னாரு. தெல்தோட்டைப் பையன்க பாட்டு அம்புட்டையும் எறக்கிப் போட்டிருக்கேன்."

நான் அண்ணனின் காலை மிதித்தேன். அவர் பென் டிரைவைப் பார்த்தார். உள்ளறைத் திரையைப் பார்த்தார். நெற்றியில் வியர்வை ஓடியது. வாங்கிவிடுவார் என்றே நினைத்தேன். அவரோ கதிரையைத் தள்ளிவிட்டு எழும்பினார்.

"மன்னிக்கணும் மச்சான், என்னால வாங்க முடியாது. அவங்க பாட்ட அவங்ககிட்டயே கேப்போம்."

போனை எடுத்து ஏரோப்பிளேன் மோடை நிறுத்தினார். அடைபட்டுக் கிடந்த மெசேஜ் எல்லாம் டிங் டிங்கென்று வந்து விழுந்தன. பிறகு சவுக்கார விளம்பரம் தொடங்கியது. அண்ணன் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். பெண்ணின் அப்பா ஏதோ தேசிய கீதம் என்று நினைத்து அவரும் எழும்பிவிட்டார். சவுக்காரம் அழுக்கெல்லாம் போக்கி முடிந்ததும் பாட்டு வந்தது, யாரும் கேட்கிற நிலையில் இல்லை.

"எங்க கடைப் பொழப்பக் கேவலப்படுத்துறீங்களா?" என்றார் பெண்ணின் அண்ணன். முகம் சிவந்திருந்தது.

அண்ணன் வாசலுக்குப் போய்ச் செருப்பைத் தேடினார். அவசரத்தில் என் செருப்பை மாட்டிக்கொண்டார். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

அந்நேரம் திரைக்குப் பின்னாலிருந்து குரல் கேட்டது.

"அண்ணே, அவர உக்காரச் சொல்லுங்க. முன்னப்பின்ன பாக்காத பாட்டுக்காரங்களயே ஏமாத்தாதவரு, என்னயவா ஏமாத்தப்போறாரு?"

பெண்ணின் அண்ணன் பென் டிரைவைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு, "டீ ஆறுது, குடிங்க" என்றார். நான் இருந்த சந்தோஷத்தில் அண்ணனின் டீயையும் சேர்த்துக் குடித்துவிட்டேன்.

கல்யாணத்தில் தெல்தோட்டை இளைஞர்கள் நேரில் வந்து பாடினார்கள். பென் டிரைவ் மச்சான்தான் அழைத்திருந்தார், முதல் ஆளாக ஆடியதும் அவர்தான்.

அண்ணன் கடுகண்ணாவைக்குக் குடிபோனபின் அறை முழுக்க எனக்கே. காற்றோட்டமாக இருக்கிறது, குளிக்க வரிசையும் குறைவு. இருந்தாலும் போடிங் அம்மா அந்தக் கட்டிலுக்கு வேறு ஆள் பார்க்கட்டுமா என்று கேட்கும்போதெல்லாம், அடுத்த மாதம் பார்க்கலாம் என்றே சொல்லிக்கொண்டிருக்கிறேன்.