மலேயாக்காரருக்கு எடுத்த ஆரத்தி

கூச்சப்படுகிறவர்களை எதற்கும் சம்மதிக்க வைத்துவிடலாம். ‘மாட்டேன்’ என்று சொல்லவும் வாய் திறக்க வேண்டுமே! அப்படித்தான் நான் ஒருநாள் ஆம்பளையானேன்.

அறுபதுகளில் கந்தர்வகோட்டைப் பக்கம் எங்கள் ஊருக்கு, மெட்ராஸிலிருந்து ஒரு அம்மா கேமராவோடு வந்தார். கிராப்புத் தலை, கால்சட்டை. (எங்கள் தெருவில் பாதிப் பேர் ‘ஐயா’ என்றார்கள், மீதிப் பேர் ‘அம்மா’ என்றார்கள். அவர் இரண்டுக்கும் திரும்பினார்.) பெண்கள் தங்கள் வீட்டு ஆண்களின் உடுப்பைப் போட்டுக்கொண்டு நடக்க வேண்டும், அப்போது அவர்களுக்குள் என்ன மாறுகிறது என்று படம் எடுக்க வேண்டும் என்றார். மற்றவர்கள் சிரித்துக்கொண்டே ஓடிவிட்டார்கள். நான்தான் நின்றேன்.

என் வீட்டுக்காரர் மலேயா போய் ஆறு வருஷம். கடுதாசி வந்து இரண்டு வருஷம். கொழுந்தன் தனிக்குடித்தனம் போய்விட்டதால் வீட்டில் மாமியாரும் நானும்தான். ட்ரங்குப் பெட்டியைத் திறந்து அவர் சட்டையை எடுத்தேன். அந்துருண்டை வாசம்தான் அடித்தது. அவர் வாசம் எனக்கு மறந்தே போயிருந்தது.

தலைப்பாகையோடு வாசலில் நடந்தேன். நாலு அடிக்குள் வேட்டி மூன்று தரம் அவிழ்ந்தது. இடுப்பில் குடம் இல்லாமல் நடந்து பழக்கமில்லையா, கையை எங்கே வைப்பது என்றே தெரியவில்லை.

“ஏ, ஒன் மாமியா பாத்தா ஒனக்குப் பொண்ணு பாக்கப் போயிருவாக!” என்றாள் பக்கத்து வீட்டுக்காரி.

“இப்ப நீங்க யாருன்னு தோணுது?” என்று கேட்டார் படக்கார அம்மா.

பதில் யோசிப்பதற்குள் முந்திரிக் காட்டிலிருந்து மாமியார் வந்துவிட்டார். கண்ணில் புரை விழுந்தவர். கூடையைக் கீழே போட்டார்.

“வந்துட்டியாய்யா! நில்லு, உள்ள வராத. ஆத்தா ஆரத்தி கரைச்சுட்டு வாரேன்!”

கொல்லைப்புறமாக உள்ளே ஓடினார். ஓடிப்போய் எங்காவது ஒளியலாம் என்றால் கால் வரவில்லை. வாய் திறந்தால் மருமகள், திறக்காவிட்டால் மகன். திறக்கவில்லை. (படக்கார அம்மாவும் கேமராவை நிறுத்தவில்லை, பாவி!)

தட்டை மூன்று சுற்றுச் சுற்றினார். நெற்றியில் பொட்டு வைத்தார். கன்னத்தைத் தடவிக்கொண்டே வந்த விரல், என் மூக்குத்தியில் இடித்து நின்றது.

“நீயாடி?”

தலையை ஆட்டினேன். அறை விழும் என்று கண்ணை மூடிக்கொண்டேன். விழவில்லை.

“சட்டையக் கழட்டாத,” என்றார் மெதுவாக. “செத்த நேரம் அப்புடியே இருடி.”

இருந்தேன். என் தோளைப் பிடித்தபடி அவரும் நின்றார்.

அந்தப் படம் எந்த ஊரில் ஓடியதோ, நாங்கள் பார்க்கவில்லை. ஆனால் இன்றைக்கும் கொழுந்தன் வீட்டு விசேஷங்களில் ஆரத்தித் தட்டு வெளியே வந்தால், “மொதல்ல மலேயாக்காரருக்குச் சுத்துங்க!” என்று பிள்ளைகள் என்னைப் பிடித்து இழுப்பார்கள். எல்லாரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். நானும் சிரித்துக்கொண்டே போய் நிற்பேன்.

மலேயாவிலிருந்து எங்கள் வீட்டுக்குத் திரும்பி வந்தது நான் ஒருத்திதானே.