முதலமடை மாந்தோப்பில் மயிலோடு பொருத படலம்

பிறரைச் சிரிக்க வைக்கும் பெரும்போரில் பதினாறாண்டு பொருது, அதில் ஏழாண்டு ஊரார் பெயரில் எழுதி, பின்பு தன் பெயர் திரையில் எழக் கண்டு, இரண்டே வினாடியில் அது மறையவும் கண்ட மாவீரன். எழுத்தை வலத்தோளிலும் தயாரிப்பை இடத்தோளிலும் சுமந்த எலப்புள்ளி ஏந்தல். தொலைக்காட்சித் திலகம் மோகனசுந்தரம் வாழ்க!

வாரந்தோறும் அவன் படைத்த நகைச்சுவைத் தொடர் தொண்ணூற்றொன்பது எபிசோடு கடந்திருந்தது. நூறாவது சிரிக்க வைக்காவிட்டால் கடையைக் கட்டிவிடலாம் என்று சானல் வாட்ஸ்அப்பில் ஓலை விடுத்தது. வீரன் அஞ்சவில்லை. முதலமடையில் குப்பண்ணன் என்பாரின் மாந்தோப்பு வீட்டில் படையிறக்கினான்.

காட்சி எளியது. கணவனாக நடிக்கும் பூபதிராஜா மீசையை முறுக்கி, "இந்த ஊட்டுல என் பேச்சுக்கு மறுபேச்சு உண்டா?" என்று முழங்குவான், ஒரு கணம் உலகே அடங்கும், அப்போது மனைவியாக நடிக்கும் ராமலட்சுமி கதவைத் திறந்து, மோகனசுந்தரம் நான்கு நாள் தாடியைச் சொறிந்து செதுக்கிய மூன்று வரி வசனத்தை அம்பெனத் தொடுப்பாள்.

பூபதிராஜா முழங்கினான். உலகு அடங்கியது. அந்த அடக்கத்தின் நடுமார்பைப் பிளந்து, மாமரத்து உச்சிக் கொம்பிலிருந்து ஒரு மயில் அகவியது.

இரண்டாம் டேக்கிலும் அகவியது. மூன்றிலும், நான்கிலும், இம்மி பிசகாமல் அதே கணத்தில். கைதட்டினான் தலைவன், எவர்சில்வர் தட்டைப் போர்முரசாய் அறைந்தான், தோப்பின் மறுகோடியில் கம்பைத் தூவி வஞ்சகவலை விரித்தான். நீலகண்டத்துப் பகைவன் ஒயிலாக இறங்கி, கம்பை ஒன்று விடாமல் கொத்தித் தின்று, புதுத்தெம்போடு பழைய கொம்புக்கே மீண்டான். கடுஞ்சினம் மூள, மோகனசுந்தரம் கல்லெடுத்தான்.

"சாரே, வேண்டா! தேசியப் பறவையாக்கும், கேஸாவும்!" என்று கேமராவின் பின்னிருந்து அலறினான் ஜின்சன்.

"ஏனுங்க, அதைய எதுக்குங்க முடுக்கறீங்க?" என்றார் குப்பண்ணன். "அது வருசக்கணக்கா இங்கதானுங்க இருக்குது. நீங்க காத்தாலதான வந்தீங்க?"

கல் நழுவியது. நெல்லியாம்பதி மலைக்குப் பின்னே கதிரவனும் நழுவிக்கொண்டிருந்தான். எட்டாம் டேக், வெளிச்சம் இனி ஒன்றுக்கே மிச்சம். பூபதிராஜா முழங்கினான். மயில் அகவியது. பொறுமை இழந்த பூபதிராஜா மரத்தை அண்ணாந்து பார்த்து, தன் வீட்டுப் பழக்கம் தானாக வாயில் வர, கைகட்டிப் பணிந்து, "உங்களைக் கேக்கலீங்க" என்றான்.

ராமலட்சுமி கதவைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். ஜின்சனின் கேமரா குலுங்கியது. குப்பண்ணன் துண்டால் வாய் பொத்தினார்.

அக்கணம் மூண்டது மெய்யான போர். மோகனசுந்தரத்தின் நெஞ்சென்னும் குறுநிலத்தில், நான்கு நாள் உழைப்பை உயர்த்திப் பிடித்து எழுத்தாளன் ஒருபுறமும், மறையும் வெளிச்சத்தைச் சுட்டிக்காட்டித் தயாரிப்பாளன் மறுபுறமும், ஒரே சட்டைக்குள் நின்று ஒருவரையொருவர் தாக்கினர். எழுத்தாளன் கண்கலங்க வீழ்ந்தான். தயாரிப்பாளன் தொண்டையைச் செருமி, திசையெட்டும் அதிர ஆணையிட்டான்: "ஓகே! பேக்கப்!"

எபிசோடு வெளியான மறுநாள் சானலிலிருந்து போன் செய்து, அடுத்த வாரமும் மயில் வருமா என்று கேட்டார்கள்.