கிளி நகருக்குள் நுழையத் தேவையான சான்றுகள்

மழைநீர் வடிகால் முறையாக அமைந்த ஊர் ஒன்று சிட்லபாக்கத்தில் உண்டு. அது முனிரத்தினம் சாரின் கம்ப்யூட்டருக்குள் இருக்கிறது.

முனிரத்தினம் சார் என் எதிர் வீட்டுக்காரர். அரசு அலுவலகம் ஒன்றில் கண்காணிப்பாளராக இருந்து, சான்றொப்பம் இல்லாத எந்தத் தாளையும் கையால் தொட்டதில்லை என்ற பெருமையோடு ஓய்வு பெற்றவர். ஊரே திருட்டு சிடி வாங்கிய காலத்தில், ஊர் கட்டும் விளையாட்டு ஒன்றை முழு விலை கொடுத்து வாங்கினார். அதில் அவர் வருஷக்கணக்காகக் கட்டிய ஊருக்கு மனைவி பெயரால் கிளி நகர் என்று பெயர். அங்கே பெய்கிற மழை எந்த வீட்டுக்குள்ளும் எட்டிப் பார்க்காமல் நேராக ஏரிக்குப் போய்விடும். எங்கள் தெருவில் தண்ணீர் ஏறும்போதெல்லாம் அவர் மாடிக்குப் போய் கிளி நகரைத் திறந்து பார்ப்பார். பாவம், மனுஷனுக்கு இருந்த ஒரே ஆறுதல் அதுதான்.

போன மாதம் சிடி டிரைவ் பழுதானது. பம்மலில் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருக்கும் அசார் வந்து வேறு டிரைவ் மாட்டினார். திருட்டைத் தடுப்பதற்காக விளையாட்டோடு சேர்ந்து குடிவந்திருந்த பாதுகாப்பு மென்பொருள் உடனே விழித்துக்கொண்டது. டிரைவ் மாறியிருக்கிறது, ஆகவே கம்ப்யூட்டர் மாறியிருக்கிறது, ஆகவே ஆளும் மாறியிருக்கலாம், ஆகவே தாங்கள் திருடராக இருக்கக்கூடும் என்று மரியாதையாகத் தெரிவித்துவிட்டு, கிளி நகரைப் பூட்டிவிட்டது.

முனிரத்தினம் சார் கம்பெனிக்குப் போன் போட்டார். ஜெனி என்ற பெண் எடுத்தார்.

"அசல் சிடி உங்ககிட்ட இருக்குன்னு ப்ரூவ் பண்ணணும் சார். ஒரு போட்டோ எடுத்து அனுப்பிடுங்க."

"வெறும் போட்டோவை எப்படிம்மா நம்புவீங்க?"

"நம்பிடுவோம் சார்."

"அப்படி லேசா நம்பக் கூடாதும்மா. முறைன்னு ஒண்ணு இருக்கில்ல? அட்டெஸ்ட் பண்ணியே அனுப்பறேன்."

பச்சை மையில் கையெழுத்துப் போடும் அதிகாரிக்கு எங்கே போவது? எங்கள் பக்கத்தில் எல்லாரும் போகும் இடத்துக்கே போனோம். அரசு கால்நடை மருத்துவர் தோத்தாத்ரி அப்போது ஓர் ஆட்டுக்கு ஊசி போட்டுக்கொண்டிருந்தார். ஒரு கையால் ஆட்டைப் பிடித்தபடியே மறு கையால் சிடியை வாங்கி, இத்தனை வருஷப் பழக்கத்தில், 'உண்மை நகல்' என்று அதன் மேல் முத்திரை குத்திக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார். முத்திரை கலையாமல் விழுந்திருக்கிறதா என்று மட்டும் முனிரத்தினம் சார் பார்த்தார். துணைக்குப் போன நானும் அதைத்தான் பார்த்தேன்.

அதைப் போட்டோ எடுத்து அனுப்பினோம். கம்பெனியிலிருந்து பதில் வந்தது. 'தங்களிடம் இருப்பது நகல்தான் என்பதை அரசு அதிகாரி ஒருவரே உறுதி செய்திருப்பதால், தங்கள் அனுமதி நிரந்தரமாக ரத்து செய்யப்படுகிறது. தங்கள் நேர்மைக்கு நன்றி.'

அதற்கப்புறம் அவருக்குச் சோறு இறங்கவில்லை. அவர் மனைவி கிளியம்மாள் அக்கா பொறுத்துப் பார்த்துவிட்டு அசாரைக் கூப்பிட்டார்.

"இன்னா சார், இதுக்குப் போயி பேஜார் ஆகினு கீறீங்க? பூட்ட ஒடச்ச காப்பி நெட்ல கீது. போட்டுத் தர்றேன்."

"அது திருட்டு இல்லையா?"

"துட்டு குடுத்து வாங்குன பொருள் சார். உங்க வூட்டுப் பூட்ட நீங்களே ஒடச்சா திருட்டா?"

"உடைக்கிறதுக்கு முன்னாடி ஒரு அனுமதிக் கடிதம்..."

"அசாரு, நீ ஒடப்பா," என்றார் கிளியம்மாள் அக்கா.

டீ ஆறுவதற்குள் கிளி நகர் திறந்துவிட்டது. வடிகால்கள் எல்லாம் அப்படியே இருந்தன. முனிரத்தினம் சார் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் ஜன்னல் வழியாக எதிரே பார்த்தேன். என் வீட்டு வாசலில் அப்போது கணுக்கால் அளவு தண்ணீர்.

விஷயம் பரவி, வடிகால் உள்ள ஊரைப் பார்க்க மறுநாள் தெருவே திரண்டு வந்தது. அசாரும் தன் மனைவி ஷாயிஸ்தாவுக்குக் காட்ட அழைத்து வந்திருந்தார். முனிரத்தினம் சார் மாடிப்படியில் நாற்காலி போட்டு வழியை மறித்து உட்கார்ந்திருந்தார்.

"சார், கொஞ்சம் வழி வுடுங்க."

"நீங்க யாரு?"

"இன்னா சார் இது, அசார் சார்! நான்தானே தொறந்து குடுத்தேன்!"

"அதனாலதான் கேக்கறேன். திறக்கத் தெரிஞ்ச ஆளு என் ஊரைக் காப்பி அடிச்சுக்கிட்டுப் போயிட்டா? அசார்தான்னு அத்தாட்சி வேணும். ரெண்டு நகல், சான்றொப்பத்தோட."

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. உதவி செய்தவரையே திருடனாக்குகிறாரே, இவருக்கும் அந்த மென்பொருளுக்கும் என்ன வித்தியாசம்? கேட்டே விடுவது என்று வாயைத் திறந்தேன். அசாரும் நம்பிக்கையோடு என் பக்கம் திரும்பினார்.

"சார், நான் யாருன்னு நீங்களாச்சும் சொல்லுங்க."

பின்னால் நின்றவர்கள் நெருக்கினார்கள். படியில் ஓர் ஆள் நிற்கத்தான் இடம் இருந்தது.

"எழுத்து மூலமா கேட்டாத்தான்பா சொல்ல முடியும்," என்று சொல்லிவிட்டு, எப்போதும் பையில் தயாராக வைத்திருக்கும், சான்றொப்பமிட்ட என் அடையாள அட்டை நகல்கள் இரண்டை முனிரத்தினம் சாரிடம் நீட்டி, நான் உள்ளே போனேன்.