மூடிய கதவும் மூர்த்தி அண்ணனும்

இரும்பைக் கடையும் சி.என்.சி. லேத் மிஷினில் அலாரம் வந்தால், திரையை முழுசாகப் படிப்பதற்குள் காரணத்தைச் சொல்லிவிடுவேன் என்று ஒரு காலத்தில் எனக்குத் திமிர் இருந்தது. (டிப்ளமோ முடித்து எட்டு மாதம்தான் ஆகியிருந்தது. அந்த வயதில் எல்லாமே தெரியும்.)

திருமுடிவாக்கத்தில் ஒரு சின்ன கம்பெனியில் நான் மெயின்டனன்ஸ். அங்கே லேத் ஓட்டிய மூர்த்தி அண்ணனை என் அக்கா சுமதிக்கு நான்தான் பேசி வைத்தேன். ஆயுத பூஜைக்கு மறுநாள் மாலை நாலு மணிக்கு, பெருங்களத்தூரில் எங்கள் வீட்டுக்கு அவர் பெண் பார்க்க வர வேண்டும். ஏற்கெனவே ஒரு மாப்பிள்ளை வருகிறேன் என்று சொல்லிவிட்டு வராமலே போயிருந்தார். அன்று அக்கா பட்டுப்புடவையை மடித்து வைத்ததைப் பார்த்தவன் நான். இன்னொரு முறை அப்படி ஆகவே கூடாது.

பெண் பார்க்க வர வேண்டிய அன்றைக்கே, அவசரமாக அனுப்ப வேண்டிய பத்து பீஸ் அண்ணன் கையில் பாக்கி; முடித்தால்தான் கிளம்ப முடியும். காலையெல்லாம் கரன்ட் இல்லை. இரண்டு மணிக்கு மிஷினைப் போட்டதும் அலாரம்: கதவு திறந்திருக்கிறது. கதவோ நன்றாகச் சாத்தித்தான் இருந்தது.

"தள்ளுங்கண்ணா, நான் பாத்துக்குறேன்" என்றேன். பேனலைத் திறந்து ஃபியூஸ், ஒயர், ரிலே என்று எல்லாவற்றையும் நோண்டினேன். ஏழு முறை ஆஃப் செய்து ஆன் செய்தேன். மேனுவலில் முதல் வரியே 'கதவு ஸ்விட்சைச் சுத்தம் செய்யவும்' என்றுதான் இருந்தது. நேற்றுத்தானே பூஜைக்காகத் துடைத்துப் பளபளவென்று வைத்தோம் என்று அதைத் தாண்டிவிட்டேன்.

அண்ணன் மெதுவாகச் சொன்னார்: "தம்பி, கதவாண்ட அந்த ஓட்டைல மஞ்சளா இன்னாவோ கீதே."

"அது நான் வெச்ச சந்தனம்ண்ணா. பூஜைப் பொட்டக் கலைக்கக் கூடாது."

பயபக்தியோடு கையை எடுத்துக்கொண்டார்.

நாலரை மணிக்குக் கம்பெனி வாசலில் ஸ்கூட்டி வந்து நின்றது. பட்டுப்புடவை, தலை நிறைய மல்லிகையோடு அக்கா.

"ஆளு நெஜமாவே வேலைல இருக்காரா, இல்ல இவரும் வர மனசில்லாம ஒளிஞ்சுக்கிட்டாரான்னு பாக்க வந்தேன்" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள், ஆனால் குரல் நடுங்கியது.

"கதவு மூடலன்னு சொல்லிகினே கீதுங்க" என்றார் அண்ணன், எண்ணெய்க் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டு.

அக்கா குனிந்து பார்த்தாள். கதவின் இரும்பு நாக்கு போய் உட்கார வேண்டிய ஸ்விட்ச் துவாரத்தில் என் சந்தனமும் குங்குமமும் சிமென்ட் மாதிரி இறுகிக் கிடந்தன. கன்னத்தில் போட்டுக்கொண்டு, கொண்டை ஊசியை உருவி, நாலு நோண்டு நோண்டினாள். கதவைச் சாத்தியதும் அலாரம் போய்விட்டது.

பத்து பீஸும் முடியும்வரை ஸ்டூலில் உட்கார்ந்து அவர் வேலை செய்வதையே பார்த்தாள். பிறகு அப்பாவுக்கு அவளே போன் செய்தாள். "பாத்தாச்சுப்பா. எனக்குப் புடிச்சிருக்கு. அவரக் கேட்டுச் சொல்றேன்."

மூர்த்தி அண்ணன் எனக்கு மாமாவாகிப் பல வருஷம் ஆகிறது. வீட்டில் சண்டை வந்தால் இன்றைக்கும் என்னைத்தான் பார்ப்பார்.

"மிஷின் அன்னிக்கே அலாரம் குட்த்துச்சுடா. நான்தான் கேக்கல."

சமையலறையிலிருந்து அக்காவின் குரல் வரும்: "அந்த அலாரத்த நிறுத்துனதே நான்தான்."